திங்கட்கிழமை வைத்த புளிக்குழம்பு

மண்டி மொஹல்லா, மைசூரு
நவம்பர் 9, ஞாயிறு

அன்புள்ள ஸ்வாதிக்கு,

உன் உடம்பும் வேலையும் குறையில்லாமல் இருக்கின்றனவா, டப்ளின் குளிருக்குத் தகுந்த உடுப்பு வாங்கிக்கொண்டாயா என்று கேட்டு அப்பா எழுதுகிறேன். இங்கே எல்லாரும் சுகம் என்று அடுத்த வரியில் எழுதுவதுதான் முறை, அதை இந்தத் தடவை எழுத முடியவில்லை. உன் அம்மா போன மாதம் நான்கு நாள் ஆஸ்பத்திரியில் இருந்தாள். கால் வீங்கி மூச்சு முட்டிச் சேர்த்தோம், நீர் இறங்க ஊசி போட்டார்கள், இறங்கியது, வீட்டுக்கு வந்துவிட்டாள், இப்போது நடக்கிறாள், பேசுகிறாள், பயப்படாதே. உனக்குச் சொல்லக் கூடாது என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தாள், அதை இப்போது நான் உடைக்கிறேன். போனில் சொல்லலாமே என்பாய். போனில் நீ ஒரு கேள்வி கேட்பாய், நான் கத்துவேன், நீ வைத்துவிடுவாய், உனக்கும் எனக்கும் எட்டு வருஷமாக நடப்பது அதுதான். தவிர உனக்குக் கன்னடம் ஓடுகிற மாதிரி தமிழ் ஓடாது, எழுத்துக் கூட்டித்தான் படிப்பாய், நான் சொல்லப்போவதை நீ மெதுவாகப் படிப்பதே நல்லது. வருகிற வெள்ளிக்கிழமை உன் அம்மா ராமக்காள் அத்தையோடு நம் ஊர் ஹனூருக்குப் போய்விடுகிறேன் என்கிறாள். எத்தனை நாளைக்கு என்று சொல்லவில்லை. அவளை இரு என்று கேட்கும் யோக்கியதை எனக்கு இருக்கிறதா என்பது எனக்கே தெரியவில்லை, அதற்குக் காரணம் நான் வைத்த ஒரு குழம்பு.

சூப்பில் உப்புக் கூடிவிட்டது, என்ன செய்வது என்று போன மாதம் அம்மாவுக்குக் குரல் செய்தி அனுப்பியிருந்தாய். அப்பாவைக் கேள், இப்போது அவர்தான் அதில் எக்ஸ்பர்ட் என்று அவள் பதில் போட்டாள், நீ சிரிக்கிற பொம்மை ஒன்றை அனுப்பினாய். அவள் அதை மூக்கில் ஆக்சிஜன் குழாயோடு படுத்துக்கொண்டு சொன்னாள் என்பது உனக்குத் தெரியாது, கிண்டலாகச் சொல்லவில்லை என்பதும் தெரியாது. சரி, கேட்டதற்குப் பதிலை முதலில் எழுதிவிடுகிறேன், முப்பது வருஷம் பி.யூ. காலேஜில் கெமிஸ்ட்ரி சொல்லிக்கொடுத்தவனுக்கு இதுகூடத் தெரியாமல் இருக்காது. உப்புக் கரித்தால் முதலில் அடுப்பை அணை. கொதிக்கக் கொதிக்கத் தண்ணீர்தான் ஆவியாகப் போகும், உப்பு பாத்திரத்திலேயே நிற்கும், கரிப்பு ஏறும். உருளைக்கிழங்கைப் போட்டால் உப்பை உறிஞ்சிவிடும் என்று ஊரெல்லாம் சொல்கிறார்கள், உன் யூடியூபும் சொல்லும். கிழங்கு உறிஞ்சுவது உப்புத் தண்ணீரை, உப்பை மட்டும் பொறுக்கி எடுக்க அதற்குக் கை இல்லை, மிச்சமிருக்கும் சாறு அதே கரிப்போடுதான் இருக்கும். அரிசிமாவு உருண்டையும் அப்படியே. வெல்லமும் எலுமிச்சையும் நாக்கை ஏமாற்றும், பாத்திரத்தில் இருக்கும் உப்பில் ஒரு குருணையைக்கூடக் குறைக்காது. உண்மையான வழி ஒன்றுதான், அளவைக் கூட்டுவது. பாதியை எடுத்து வேறு பாத்திரத்தில் வைத்துவிட்டு, சாம்பார் என்றால் உப்பில்லாமல் வேகவைத்த பருப்பும் தண்ணீரும், ரசம் என்றால் பருப்புத் தண்ணீரும் தக்காளியும், குழம்பு என்றால் அரைத்த தேங்காயும், உன் சூப் என்றால் உப்பில்லாமல் வேகவைத்த காய்கறியும் சேர்த்து நீட்ட வேண்டும். எடுத்து வைத்த பாதியையும் மறுநாள் அப்படியே நீட்டிக்கொள்ளலாம். உன் சூப்பில் எங்கே தப்பு நடந்திருக்கும் என்றும் சொல்கிறேன், அந்த ஊர்க் கடையில் சூப்புக் கட்டி என்று விற்கிறார்களே அதிலேயே உப்பு இருக்கிறது, நீ அதன் மேல் அம்மா சொன்ன கணக்கில் ஒரு ஸ்பூன் போட்டிருப்பாய். அம்மாவின் ஸ்பூன் கல்லுப்புக்கு. பொடி உப்பில் இடைவெளி இல்லை, அதே ஸ்பூனில் கூடுதலாக ஏறும். இன்னொன்று, சூட்டோடு ருசி பார்த்தால் சரியாகத் தெரியாது, கரண்டியில் எடுத்து ஆறவிட்டுப் பார். ருசி பார்ப்பது எவ்வளவு பெரிய வசதி என்று உனக்குத் தெரியாது, எனக்கு அந்தத் திங்கட்கிழமை அது இல்லாமல் போயிற்று.

அம்மாவின் இருதயம் பம்ப் செய்வது குறைந்துவிட்டது என்று போன வருஷம் டாக்டர் சொன்னதும், அவளால் அடுப்படியில் நிற்க முடியாமல் ஜனவரியிலிருந்து நான் சமைக்கிறேன் என்பதும் உனக்குத் தெரியும். நீ கூட, அப்பா சமைக்கிறாரா, மைசூரில் மழை வரும் என்றாய். உப்புதான் அவளுக்கு எதிரி என்று டாக்டர் சொன்னதால் தேவராஜ மொஹல்லாவில் தேடி நகைக்கடையில் வைத்திருப்பது போல ஒரு சின்னத் தராசு வாங்கினேன். காலையில் அன்றைக்கான உப்பை நிறுத்து ஒரு மாத்திரை டப்பியில் போட்டு வைப்பேன், நாள் முழுக்க அதிலிருந்துதான் எடுப்பேன். லேபில் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்த ஒழுங்கு. ஒன்பது மாதம் ஒரு குறையில்லாமல் நடந்தது, யாரும் பாராட்டவில்லை, நானும் எதிர்பார்க்கவில்லை. ஆனால் உன் அம்மா மட்டும் அடிக்கடி, நீங்க காலேசுக்கும் போயிட்டு வந்து எதுக்குங்க இந்தப் பாடு, ராமக்கா அண்ணியை ஒரு மாசம் வரச்சொல்லலாங்க, அவங்க வரேன்னுதான் சொல்றாங்க என்பாள். அக்டோபரில் மட்டும் நாலு தடவை சொன்னாள். அந்தப் பேச்சு வரும்போதெல்லாம் எனக்கு உடம்பு எரியும். அவள் எனக்குத் தெரியாமல் அக்காவோடு இத்தனை வருஷமாகப் போனில் பேசிக்கொண்டிருந்தாள் என்பதே எனக்கு அப்போதுதான் தெரிந்தது.

அத்தையோடு ஏன் பேசுவதில்லை என்று நீ காலேஜில் படிக்கும்போது கேட்டதற்கு பெரியவர்கள் விஷயம் என்று வாயை அடைத்தேன். இப்போது நீ முப்பதை நெருங்குகிறாய், தெரிந்துகொள். பதினொரு வருஷத்துக்கு முன்னால் உன் பாட்டி இறந்த அன்று நான் மங்களூரில் பேப்பர் திருத்தும் கேம்பில் இருந்தேன். செய்தி கேட்டதும் கிளம்பிவிட்டேன், மலைப்பாதையில் லாரி கவிழ்ந்து வண்டிகள் நின்றுவிட்டன. வழியெல்லாம் போன் செய்தேன், நான் வரும்வரை எடுக்காதீர்கள் என்று. மூத்த மகன் நான். பொழுது இறங்குகிறது, எடுத்துவிடலாம் என்று ராமக்காள் சொல்லியிருக்கிறாள், தம்பி கணேசன் கொள்ளி வைத்துவிட்டான். நான் நாற்பது நிமிஷம் பிந்திப் போனேன், புகையைத்தான் பார்த்தேன். நாற்பது நிமிஷம். எனக்கு வரவேண்டியதெல்லாம் இப்படித்தான் கைக்கு வருமுன்னே வேறொருவர் எடுத்துக்கொள்வது வழக்கமாகிவிட்டது, என்னிடம் படித்தவன் என் பிரின்சிபாலாக உட்கார்ந்து எனக்கு லீவு கையெழுத்துப் போடுகிறான், அதை எல்லாம் ஜீரணித்துவிட்டேன், அந்தப் புகையை மட்டும் முடியவில்லை. அன்று திரும்பி வந்தவன் அந்த வீட்டுப் படி ஏறவில்லை.

அக்டோபர் இரண்டாவது வாரத்தில் சித்தம்மா வந்தாள், ஹனூர்க்காரி, தேவராஜ மார்க்கெட்டில் கீரை விற்பவள், உனக்கு நெல்லிக்காய் கொடுப்பாளே அவள்தான். உங்க அக்கா குடுத்துவிட்டாங்க என்று ஒரு துணிப்பையை வைத்துவிட்டுப் போனாள். அம்மா தூங்கிக்கொண்டிருந்தாள். திறந்தால் மேலாக ஒரு பிளாஸ்டிக் டப்பாவில் கொட்டை எடுத்த புளி, மூடிக்கு அடியில் நோட்டுத்தாளில் நாலு வரி எழுதி மடித்து வைத்திருந்தது. மடித்த தாளுக்கு வெளியே ஊறித் தெரிந்த எழுத்தைப் பார்த்ததுமே யாருடையது என்று தெரிந்துவிட்டது, பதினொரு வருஷம் கழித்து என்ன சமாதானம் எழுதியிருப்பாள் என்று ஆத்திரம் வந்தது, பிரிக்கக்கூட இல்லை, கிழித்துக் குப்பையில் போட்டேன். புளியின் மேல் எனக்குக் கோபம் இல்லை, வீட்டில் புளி தீர்ந்திருந்தது, டப்பாவை எடுத்து அலமாரியில் வைத்துக்கொண்டு பையை அடுப்படிக் கதவுக்குப் பின்னால் ஆணியில் மாட்டிவிட்டேன். யார் கொடுத்தது என்று அம்மாவிடம் சொல்லவில்லை.

திங்கட்கிழமை நம் வீட்டில் மாதேஸ்வரனுக்கு, அம்மா மாதப்பன் என்பாளே, அந்தச் சாமிக்குப் படைக்காமல் யாரும் வாயில் வைப்பதில்லை, சமைக்கிறவர் உட்பட. எனக்கு அதிலெல்லாம் நம்பிக்கை போய் வெகுநாள் ஆகிறது, அவளுக்காகச் செய்வேன். அவள் சமைத்த காலத்தில் கொதி வரும்போது ஆவியை மோந்து பார்த்தே உப்புச் சரி, இல்லை என்று சொல்லிவிடுவாள், ஒரு தடவை தப்பியதில்லை. எனக்கு அந்த மூக்கு கிடையாது, தராசு உண்டு. அன்று கத்தரிக்காய்ப் புளிக்குழம்பு வைத்தேன், புளியைத் தாராளமாகக் கரைத்தேன், டப்பியிலிருந்து உப்பை நிறுத்த அளவில் போட்டேன், சோறும் குழம்பும் இலையில் வைத்து மாதப்பன் படத்துக்கு முன்னால் படைத்துக் கற்பூரம் காட்டிவிட்டு அடுப்படிக்கு வந்து ஒரு கரண்டி வாயில் விட்டேன். கடல் தண்ணீர். உப்பை இரண்டு தடவை போட்டிருப்பேன் என்று முடிவு செய்தேன், வேறென்ன நினைக்க முடியும். நம் ஊர்ப்பக்கம் மரத்துப் புளியை வருஷம் முழுக்கப் பூச்சி விழாமல் வைத்திருக்கக் கல்லுப்புச் சேர்த்துத்தான் இடித்து அடைப்பார்கள். நானே சின்ன வயதில் பார்த்ததுதான். முப்பது வருஷம் மண்டி மொஹல்லாக் கடையில் மாதா மாதம் வெறும் புளி வாங்கித் தின்றவனுக்கு அது நினைவுக்கு வரவே இல்லை.

அந்தக் குழம்பைக் கீழே கொட்டியிருக்கலாம். சாமிக்குப் படைத்ததைக் கொட்டக் கூடாது என்று அவள் சொல்வாள் என்பது ஒரு காரணம், அது உண்மையான காரணம் இல்லை என்பதை உனக்கு எழுதத்தான் இந்தக் கடிதம். குழம்பு கெட்டுவிட்டது என்று நான் சொன்னால் அவள் அண்ணியை வரச்சொல்லலாங்க என்பாள், ஐந்தாவது தடவை. அதைக் கேட்க எனக்கு மனசில்லை. அவள் ஹாலில் நாற்காலியில் காத்திருந்தாள், எனக்கு ஐந்து நிமிஷம் இருந்தது. மேலே உனக்கு எதையெல்லாம் செய்யாதே என்று எழுதினேனோ அதையெல்லாம் செய்தேன். காலையில் வேகவைத்திருந்த இரண்டு உருளைக்கிழங்கைப் பிசைந்து போட்டேன், வெல்லத்தைத் தட்டிப் போட்டேன், தேங்காய்ப்பால் ஊற்றினேன், எலுமிச்சை பிழிந்தேன். நாக்கில் கரிப்பு மட்டுப்பட்டது. உப்பு எங்கும் போகவில்லை என்பது எனக்குத் தெரியும், பரீட்சையில் ஒரு பிள்ளை இப்படி எழுதியிருந்தால் பூஜ்யம் போட்டிருப்பேன். பரிமாறினேன். அவள் ஒரு வாய் வைத்துவிட்டு, உப்புக் கொஞ்சம் தூக்கலா இருக்குதுங்களா என்று கேட்டாள். புது மாத்திரை உன் நாக்கைக் கெடுத்துவிட்டது, அது உப்பு இல்லை, புளிப்பு என்றேன். என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். சரிங்க என்று சாப்பிட்டாள். மீதியை ராத்திரிக்குச் சுண்ட வைத்தேன், செவ்வாய்க்கிழமை இட்லிக்கும் அதுவே ஆயிற்று. அப்புறம் வாரம் பூராவும் அதே டப்பாவிலிருந்து புளி எடுத்தேன், ரசத்துக்கு, வியாழக்கிழமை வெண்டைக்காய் கொஜ்ஜுக்கு. தராசில் அரைக் கிராம் கால் கிராம் என்று குறைத்து நிறுத்தேன், அப்படியும் கொஞ்சம் கரித்தது, எனக்கே நாக்கு சரியில்லையோ என்று நினைத்துக்கொண்டு மறுபடி வெல்லத்தைப் போட்டேன்.

சனிக்கிழமை காலை அவளுக்குச் செருப்பு ஏறவில்லை. பதினோரு மணிக்கு மூச்சு வாங்க ஆரம்பித்தது, ஆட்டோவில் வைத்துக் கொண்டுபோனேன், வழியில் என் தோளில் சாய்ந்துகொண்டு வாயால் மூச்சு விட்டாள், அந்தச் சத்தத்தை எழுத எனக்குத் தெரியவில்லை. எமர்ஜென்சியில் ஒரு சின்ன வயசு டாக்டர், உப்பு ஜாஸ்தி ஆகித்தா அம்மா, ஊறுகாய், அப்பளம் ஏதாவது தின்றீர்களா என்று கேட்டார். உன் அம்மா அந்த நிலையிலும் கையை ஆட்டி, இல்லை சார், எங்க வீட்டுக்காரர் தராசுல நிறுத்துத்தான் போடுவார் என்று கன்னடத்தில் சொன்னாள். டாக்டர் என்னைப் பார்த்து, வெரி குட் சார், நோயாளிக்கு உங்களை மாதிரி ஒருவர் வேண்டும் என்றார். அப்போதாவது சொல்லியிருக்கலாம், டாக்டருக்கு அது தெரிந்திருக்க வேண்டிய விஷயம், சொல்லவில்லை.

மறுநாள் ராமக்காள் வந்து நின்றாள், அம்மா போன் செய்திருக்கிறாள். தலை நரைத்து, குதிகால் வெடித்து, பஸ் அலுப்போடு வார்டு வாசலில் நின்றவளை முதலில் எனக்கு அடையாளம் தெரியவில்லை. என்னிடம் பேசாமல் நேரே கட்டிலுக்குப் போய் அம்மாவின் காலை அமுக்கிப் பார்த்தாள், விரல் பள்ளம் விழுந்தது. ஏம்புள்ள, புளி எதைப் போட்டீங்க, டப்பாவுல இருந்ததையா பொட்டலத்துல இருந்ததையா என்று கேட்டாள். அம்மாவுக்கு ஒன்றும் தெரியாது, என்ன புளிங்க அண்ணி என்றாள். அப்புறம்தான் அக்கா என் பக்கம் திரும்பினாள். டப்பாவுல உப்புப் போட்டு அடைச்சது, அது உனக்கு, கீழ துணியில முடிஞ்சு வெச்சது உப்பில்லாதது, இவளுக்கு, மகேஸ்வரிக்கின்னு தனியா எடுத்து வெச்சேன், நல்லா வெவரமா எழுதித்தானப்பா மூடிக்குள்ள வெச்சேன், காலேசுல பாடஞ் சொல்லிக்குடுக்கறவன் நாலு வரி படிக்கமாட்டயா என்றாள். வார்டில் எட்டுக் கட்டில், எல்லாரும் கேட்டார்கள், அதில் பாதிப் பேருக்குத் தமிழ் தெரியும். கிழித்துப் போட்டேன் என்றேன். அம்மா கண்ணை மூடிக்கொண்டாள். மூடிய கண்ணோடே, அப்ப அது புளிப்பு இல்லீங்களா என்று கேட்டாள். இல்லை என்றேன். உன் குரல் செய்தி அதற்கு மறுநாள் வந்தது, சூப்பு மாடிதே அம்மா, உப்பு ஜாஸ்தி ஆகிபிட்டிது, இப்ப என்ன பண்றது என்று கன்னடமும் தமிழுமாக நீ சிரித்துக்கொண்டே கேட்டாய். அவள் இரண்டு தடவை போட்டுக் கேட்டாள், என்னைப் பார்த்தாள், அப்புறம்தான் உனக்கு அந்தப் பதில்.

டிஸ்சார்ஜ் அன்று, அண்ணி வந்தா நான் வீட்டுக்கு வரேன், இல்லைன்னா அவங்களோட இப்படியே பஸ் ஏறிக்கிறேன் என்றாள். பில் கட்டும் இடத்துக்குப் பக்கத்தில் அக்கா பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள், போய் நின்று, இருந்துட்டுப் போ அக்கா என்றேன். பதினொரு வருஷத்துக்குப் பிறகு நான் அவளிடம் வேண்டிக் கேட்ட முதல் வார்த்தை. எனக்காகச் சொல்றயா, உம் பொண்டாட்டிக்காகச் சொல்றயா என்றாள், நான் வாயைத் திறக்குமுன் அவளே, எதுக்காகச் சொன்னாலும் இருக்கத்தான் போறேன், வாறப்பவே மாத்துச் சீலை கொண்டாந்துட்டனே என்று எழுந்துகொண்டாள். நான் அவளை மன்னித்துவிட்டேன் என்று எண்ணிக்கொள்ளாதே. அவள் அன்று எனக்காகக் காத்திருக்கவில்லை, அது அப்படியே இருக்கிறது. வீட்டுக்கு வந்து கதவுக்குப் பின்னால் மாட்டியிருந்த பையைப் பார்த்தேன், அடியில் வெள்ளைத் துணியில் முடிந்த பொட்டலம் இருந்தது, முடிச்சுக்கூட அவிழ்க்கவில்லை.

மூன்று வாரமாக அக்காதான் சமைக்கிறாள். தராசைப் பார்த்து, இதென்ன தங்கமா நிறுக்கப் போறோம் என்று சிரித்தாள், ஆனால் என்னிடம் கேட்டு அதைப் பழகிக்கொண்டாள், என்னைவிடச் சுத்தமாகச் செய்கிறாள். அம்மாவின் எடை மூன்று கிலோ இறங்கி நிலையாக நிற்கிறது, எல்லாம் நீர்தான். இந்த மூன்று வாரத்தில் உன் அம்மா நான் தொட்டு எடுத்துக் கொடுத்த எதையும் சாப்பிடவில்லை. கோபமாகச் சொல்வதில்லை. காபி கலந்து கொடுத்தால், வைங்க என்கிறாள், ஆறிப்போகிறது. ஒரு நாள் அக்கா கோயிலுக்குப் போயிருந்தபோது ரசம் வைத்தேன், பக்கத்தில் வந்து நின்று என்னென்ன போட்டேன் என்று கேட்டாள், ஒன்றுவிடாமல் சொன்னேன், ம் என்று கேட்டுக்கொண்டு மோர்ச்சோறு சாப்பிட்டாள். இப்போது ராகி அறுப்புக்கு அக்கா வெள்ளிக்கிழமை திரும்ப வேண்டும், கணேசன் மட்டும் ஒண்டியாக என்ன செய்வான். அம்மாவும் கூடப் போகிறேன் என்கிறாள். அங்கிருந்து நம் ஆஸ்பத்திரிக்குக் கொள்ளேகால் வழியாக மூன்று மணி நேரம். டாக்டரைக் கேட்டேன், தினமும் காலையில் எடை பார்த்துக்கொண்டால் போகலாம், வீட்டிலேயே கவனிக்க ஆள் இருந்தால் இங்கேயே இருப்பது மேல் என்றார். வீட்டில் ஆள் இருக்கிறதா என்பதுதானே கேள்வி.

வேறு செய்தி பெரிதாக இல்லை. மாடி வீட்டு கௌரிசங்கர் மறுபடியும் தண்ணீர் டாங்க் விஷயமாகச் சண்டைக்கு வந்தார், ஆஸ்பத்திரிக்கு நாலு நாளும் சோறு கொண்டுவந்தவரும் அவர்தான் என்பதால் நான் பதிலுக்குக் கத்தவில்லை, அது அவருக்கே ஏமாற்றமாக இருந்திருக்கும். உன் சிநேகிதி அனுப்ரியாவுக்குத் தையில் கல்யாணமாம், பத்திரிகை வந்திருக்கிறது. நீ கூட இருக்கும் பெண்களுக்கும் சேர்த்துச் சமைக்கிறாய் என்று அம்மா சொன்னாள். செய். உப்புக் கூடினால் நான் எழுதிய மாதிரி நீட்டு, முடியாவிட்டால் கொட்டு, அதுவும் முடியாவிட்டால் உட்காருவதற்கு முன்னாலேயே அவர்களிடம் சொல்லிவிடு, இன்றைக்குக் கரிக்கிறது, வேண்டாமென்றால் ரொட்டி இருக்கிறது என்று. யாருக்கு ரத்தக்கொதிப்பு, யாருக்குக் கிட்னி என்று உனக்கு எப்படித் தெரியும். சொல்வதற்கு ஒரு நிமிஷம்தான் ஆகும். எனக்கு அந்த ஒரு நிமிஷம் பெரிதாகப் பட்டது.

இதுவரை நேற்று எழுதினேன். தபாலில் சேர்ப்பதற்கு முன் அம்மாவிடம் கொடுத்துப் படிக்கச் சொன்னேன், சத்தியத்தை மீறுகிறவன் அதையும் ஒளித்துச் செய்யக் கூடாது என்று தோன்றியது. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து முக்கால் மணி நேரம் படித்தாள். நான் எதிரில் இருந்தேன். கடைசித் தாளை வைத்துவிட்டு, ஒரு எடத்துல தப்பா எழுதியிருக்கீங்க என்றாள். ஆஸ்பத்திரியில அண்ணி சொல்லித்தான் எனக்குத் தெரிஞ்ச மாதிரி எழுதியிருக்கீங்க. மொத வாயிலயே எனக்குத் தெரிஞ்சுது. நாப்பது வருஷம் சமைச்சவளுக்கு உப்புக்கும் புளிப்புக்கும் வித்தியாசம் தெரியாதுங்களா. சாயந்திரம் சொல்லுவீங்கன்னு பாத்தேன். காலையில சொல்லுவீங்கன்னு பாத்தேன். நீங்க வந்து ஒரு வார்த்தை சொன்னா, போனாப் போகுதுங்கன்னு சொல்லலாம்னுதான் தின்னுட்டே இருந்தேன், அதுக்குள்ள கால் வீங்கிருச்சு. அப்படியானால் டாக்டரிடம் ஏன் அப்படிச் சொன்னாய் என்று கேட்டேன். அங்க வெச்சு உங்களை விட்டுக்குடுக்கச் சொல்றீங்களா என்றாள். நான் அந்த இடத்தைத் திருத்தவில்லை, அவள் சொன்னதையும் சேர்த்து எழுதிவிட்டேன், இரண்டையும் நீ படி. அப்புறம் அவள் எழுந்து, பரண்மேல இருக்கிற பச்சைப் பெட்டியை எடுத்துக் குடுங்க, எத்தனை நாளைக்குன்னு மட்டும் இப்பக் கேக்காதீங்க என்றாள். ஸ்டூல் போட்டு ஏறி எடுத்தேன். தூசி தட்டித் துடைத்து அவள் கட்டிலின் மேல் வைத்தேன்.

வெள்ளிக்கிழமையிலிருந்து அம்மாவிடம் பேச அத்தையின் நம்பருக்குப் போடு, இதோடு தனிச் சீட்டில் எழுதியிருக்கிறேன், ஹனூரில் சிக்னல் காலையில்தான் நன்றாக இருக்கும். தினமும் அன்றைய எடை என்ன என்று மட்டும் கேட்டுக் குறித்துக்கொள், ஒரே நாளில் ஒரு கிலோ ஏறினால் நேரம் பார்க்காமல் என்னைக் கூப்பிடு. டிசம்பர் எட்டாம் தேதி இருதயத்துக்கு எக்கோ ஸ்கேன் எடுக்க வேண்டும், முதல் நாளே நான் போய் அழைத்து வருவேன், வருவாள். நீ இதற்காக டிக்கெட் போட்டுக்கொண்டு ஓடி வராதே, என் மேல் கோபம் வந்தால் அங்கிருந்தே கோபப்படு, அது நியாயம்தான். எந்த நாட்டில் இருந்தாலும் உடம்புக்கு ஒன்றும் வராமல், பொய் சொல்லவேண்டிய அவசியம் வராமல் நீ நன்றாக இருக்க வேண்டும், மாதப்பன் துணை இருக்கட்டும் என்று அம்மா சொல்லச் சொன்னாள், நானும் சொல்கிறேன்.

உன் அப்பா,
ஜகதீசன்